படத்திறப்பில் என்ன வாசிப்பது? கடைசியில் எதிர்ப்பக்கம் போய்விட்ட ஒரு தலைவருக்காக

குகை வயலின்

எல்லாருக்கும் வணக்கம். நான் சேலத்தில் குகைப் பகுதி. அப்பா தறிக்காரர். மாவட்ட அரசு இசைப்பள்ளியில் வயலின் முடித்தேன். இப்போது வீட்டில் பிள்ளைகளுக்குச் சொல்லித் தருகிறேன். கோயில் கச்சேரிகளுக்குப் பக்கவாத்தியமும் போகிறேன்.

எங்கள் பகுதியில் நெசவாளர் சங்கத்தைக் கட்டி வளர்த்தவர் சமீபத்தில் காலமானார். பெயர் வேண்டாம். அடுத்த ஞாயிறு காலை பத்து மணிக்கு அம்மாப்பேட்டையில் ஒரு மண்டபத்தில் படத்திறப்பு. "நீதான் வாசிக்கணும், பத்து நிமிஷம் போதும்" என்று அவர் மகள் வீட்டுக்கே வந்து கேட்டுவிட்டுப் போயிருக்கிறார். மறுக்க எனக்கு வாய் வரவில்லை. நான் இசைப்பள்ளியில் சேர விண்ணப்பம் வாங்கிவந்து கொடுத்தவரே அவர்தான். "தறிக்காரன் பொண்ணு வயலின் பிடிக்கக் கூடாதுன்னு எந்தச் சட்டத்துல இருக்கு?" என்று எங்கள் வாசலில் நின்று அப்பாவிடம் கேட்டார். முதல் வயலினும் அவர் யாரிடமோ சொல்லி வாங்கித் தந்ததுதான்.

சிக்கல் இனிமேல்தான். நூல் விலை ஏறி வேலைநிறுத்தம் நடந்த காலத்தில் தெருமுனையில் கஞ்சித்தொட்டி திறந்து, தானே அகப்பையைப் பிடித்து ஊற்றியவர் அவர். அதே மனிதர் பின்னால் ஆளுங்கட்சிக்குப் போனார், ஒரு பதவியும் கிடைத்தது. அடுத்த கூலிப் பேச்சுவார்த்தையில் முதலாளிகள் பக்கம் உட்கார்ந்தார். நெசவாளிகளைக் கேட்காமலே ஒப்பந்தத்தில் கையெழுத்து விழுந்தது. சங்கம் இரண்டாக உடைந்தது. அப்பா அதற்குப் பிறகு அவரோடு பேசவில்லை. சாவுக்குப் போனார், மாலை போட்டார், ஒரு வார்த்தை பேசாமல் திரும்பி வந்துவிட்டார்.

இன்னொன்றும் இருக்கிறது. தலைவர் கடைசிவரை சுயமரியாதைக்காரர். எந்தச் சடங்கும் இல்லாமல்தான் எடுத்தார்கள். தேவாரமோ திருவாசகமோ கூடாது என்று எழுதியே வைத்திருந்தாராம். என் கையில் இருப்பதெல்லாம் சாமி பாட்டு. ராமன், முருகன், அம்பாள். வயலினில் சாகித்யம் காதில் விழாதுதான். ஆனால் கேட்கிறவர்களுக்கு மெட்டு தெரியுமே.

இதை யோசிக்க யோசிக்க ஒரு பெரிய கேள்வி எழுகிறது. அரசன் அழைத்தும் போகாமல் தியாகராஜர் கல்யாணி ராகத்தில் 'நிதி சால சுகமா' பாடினார் என்று பாடம் படித்தோம். மமதையில் கட்டுண்ட மனிதனைத் துதிப்பது சுகமா என்று சரணத்தில் கேட்கிறார். அந்தக் கொள்கை எனக்குப் பிடிக்கும். ஆனால் அதன் விலை என்ன? மனிதனையே பாட மாட்டேன் என்றால், விழுந்துபோன மனிதனுக்காக அழவும் நம் இசையில் இடமில்லாமல் போய்விடுகிறதே. அதிகாரத்தைப் பார்த்து முகம் திருப்பத் தெரிகிறது. நம்பிக் கெட்டதைச் சொல்லத் தெரியுமா? மேல்நாட்டு சாஸ்திரிய இசையில் இதற்கு வழி உண்டென்று கேள்விப்பட்டிருக்கிறேன். தெரிந்தவர்கள் சொல்லுங்கள். என் கைக்கு எட்டுகிற மாதிரி எதை வாசிக்கலாம் என்றும் சொல்லுங்கள்.

அஸ்தம்பட்டி ரசிகர்

சகோதரி, 'குறை ஒன்றும் இல்லை' வாசியுங்கள். சிவரஞ்சனி, காபி, சிந்துபைரவி. எந்தக் கூட்டமும் உருகிவிடும். எம்.எஸ். அம்மாவின் குரல் எல்லார் காதிலும் இருக்கிறது. எழுதிய ராஜாஜி நம் சேலத்தில் வக்கீலாக இருந்தவர், நகராட்சித் தலைவராகவும் இருந்தவர். கவர்னர் ஜெனரல், முதல்வர் எல்லாம் பார்த்து, எல்லாப் பதவியையும் விட்ட பிறகு எழுதிய பாட்டு. அரசியலில் ஏறி இறங்கிய ஒருவருக்கு இதைவிடப் பொருத்தம் ஏது?

ஏற்காட்டுக் கணக்கர்

ஏற்காட்டிலிருந்து எழுதுகிறேன் அம்மா. நாகலூர்ப் பக்கம் ஒரு காப்பித் தோட்டத்தில் கணக்கெழுதி ஓய்வுபெற்றவன். தோட்டம் கைமாறியபோது பங்களாவில் கிடந்த இசைத்தட்டுகளைப் புது முதலாளி என்னிடமே கொடுத்துவிட்டார். மழைக்காலத்தில் மின்சாரம் இருக்கும் நேரம் பார்த்துக் கேட்டுக் கேட்டுத்தான் எனக்கு மேல்நாட்டு இசை பழக்கம். குரு என்று யாரும் இல்லை. உங்கள் கேள்வியைப் படித்ததும் அந்தத் தட்டுகளில் ஒன்றைத்தான் தேடி எடுத்தேன்: பேத்தோவனின் மூன்றாம் சிம்பொனி, 'எரோயிக்கா'.

கதையைப் பலர் சொல்வார்கள். முழுசாகச் சொல்கிறவர்கள் குறைவு. 1803இல் பேத்தோவன் இதை எழுதும்போது அவர் மனத்தில் இருந்தவர் நெப்போலியன் போனபார்ட். அரசகுலத்தில் பிறக்காமல் சொந்தத் திறமையால் மேலே வந்தவர், பிரெஞ்சுப் புரட்சியின் பிள்ளை. சிம்பொனியின் முகப்பில் மேலே போனபார்ட் பெயரும் கீழே பேத்தோவன் பெயருமாக இருந்ததைத் தான் பார்த்ததாக ஃபெர்டினான்ட் ரீஸ் என்ற சீடர் பிற்காலத்தில் எழுதினார். 1804 மே மாதம் நெப்போலியன் தன்னைப் பேரரசர் என்று அறிவித்துக்கொண்ட சேதியைச் சொன்னவரும் அந்த ரீஸ்தான். இவனும் மற்றவர்களைப் போல ஒருவன்தானா, இனி எல்லார் உரிமையையும் மிதிப்பான் என்று கத்தி, பேத்தோவன் அந்த முகப்புத் தாளைக் கிழித்துப் போட்டாராம். வேறொரு கைப்பிரதி வியன்னாவில் இசை நண்பர்கள் சங்கத்தின் காப்பகத்தில் இன்றும் இருக்கிறது. அதில் போனபார்ட் பெயர் இருந்த இடத்தைச் சுரண்டிய சுரண்டலில் தாளே ஓட்டையாகிவிட்டது.

இதோடு நிறுத்திக்கொண்டால் பேத்தோவன் ஒரே வீச்சில் அறுத்துக்கொண்டு போன வீரராகத் தெரிவார். ஆனால் அதே ஆண்டு ஆகஸ்டில் பதிப்பாளருக்கு எழுதிய கடிதத்தில், இந்த சிம்பொனியின் உண்மையான பெயர் போனபார்ட்தான் என்கிறார். சுரண்டிய அதே பிரதியிலும் போனபார்ட்டைக் குறித்து எழுதப்பட்டது என்று பென்சிலில் தன் கையாலேயே எழுதியிருக்கிறார். கோபம் ஒரு பக்கம் இழுக்க, விட மனசில்லாமல் இன்னொரு பக்கம் தவித்திருக்கிறார். 1806இல் அச்சில் வந்தபோது போனபார்ட் பெயர் இல்லை. "ஒரு பெரிய மனிதரின் நினைவைக் கொண்டாட" என்று மட்டும் இருந்தது. உங்கள் அப்பா பேசாமல் போய் மாலை போட்டுவிட்டு வந்தார் என்று எழுதியிருந்தீர்களே, அந்த வரியைப் படித்தபோது எனக்கு இந்தப் பிரதிதான் நினைவுக்கு வந்தது.

இரண்டாம் பகுதி சவ ஊர்வல நடை. சி மைனர். உங்கள் கணக்கில் சொன்னால் பெரும்பாலும் கீரவாணியின் சுரங்கள், சில இடங்களில் நடபைரவிக்கு நகரும். தொடங்கும்போது முதல் வயலின்கள் அடிக்குரலில் மெல்லப் பேசும். அடியில் டபுள் பேஸ்கள் மூன்று சிறு சுரங்களை விரைந்து உருட்டி ஒன்றில் விழும். துணி போர்த்திய முரசு போல அந்த நாதம் இருக்கும். ஆனால் முரசு அங்கே இல்லை, வெறும் தந்திகள். பிறகு ஓபோ என்ற குழல் அதே மெட்டை வாங்கிக்கொள்ளும். நடுவில் திடீரென்று சி மேஜர், அதாவது நம் சங்கராபரணம், வெளிச்சமாக விரியும். எக்காளமும் முரசும் வரும். அவர் நல்லவராக இருந்த காலம் கண்முன் வந்து போகிற மாதிரி. அது நிலைக்காது. மறுபடி இருட்டு. கடைசியில் தொடக்கத்தில் கேட்ட மெட்டே திரும்ப வரும், ஆனால் துண்டு துண்டாக. இரண்டு சுரம், ஒரு இடைவெளி, மூன்று சுரம், இன்னொரு இடைவெளி. முழு வாக்கியம் சொல்ல முடியாமல் தொண்டை அடைத்தவர் பேசுவது போல இருக்கும். ஒலிப்பெட்டி பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள், அந்த இடைவெளிகள்தான் உயிர்.

இதை எழுதும்போது நெப்போலியன் உயிரோடு, உச்சிக்கு ஏறிக்கொண்டிருந்தார். செத்தது 1821இல், செயின்ட் ஹெலினா தீவில். ஆகவே இது அந்த உடம்புக்கான ஊர்வலம் அல்ல. அவரை நம்பியவர்கள் எதை இழந்தார்களோ அதற்கான ஊர்வலம் என்றுதான் நான் கேட்கிறேன்.

இன்னொரு சேதி. 1813இல் ஸ்பெயினில் ஆங்கிலத் தளபதி வெலிங்டன் பிரெஞ்சுப் படையைத் தோற்கடித்ததும் அதே பேத்தோவன் 'வெலிங்டனின் வெற்றி' என்று ஒரு உருப்படி எழுதினார். வாத்தியக் குழுவுக்குள் துப்பாக்கி, பீரங்கிச் சத்தமெல்லாம் உண்டு. வியன்னா கொண்டாடியது. அடுத்த ஆண்டு ஐரோப்பிய மன்னர்கள் அங்கே மாநாடு கூடியபோது அவர்களைப் போற்றி ஒரு பெரிய பாடற்கோவையும் எழுதிக் கொடுத்தார். ஜெயித்தவர்களுக்காக எழுதிய அந்த இரண்டையும் இன்று யார் தேடிக் கேட்கிறார்கள்? பெயரைச் சுரண்டிய சிம்பொனிதான் நிற்கிறது. 1963 நவம்பர் 22 பிற்பகல், பாஸ்டனில் கச்சேரி நடந்துகொண்டிருந்தபோது அமெரிக்க அதிபர் கென்னடி சுடப்பட்ட சேதி வந்தது. வாத்தியக் குழுவை நடத்திய லைன்ஸ்டார்ஃப் மேடையிலேயே அதை அறிவித்துவிட்டு இந்த ஊர்வல நடையைத்தான் நடத்தினார். அந்தப் பதிவில் கூட்டம் மூச்சை இழுப்பது கேட்கும். 1972இல் மியூனிக் ஒலிம்பிக்கில் இஸ்ரேலிய வீரர்கள் கொல்லப்பட்டபோதும் அஞ்சலியில் இதே இசைதான்.

ஜெர்மன் இசையமைப்பாளர் ரிச்சர்ட் ஸ்ட்ராஸ் கதை இன்னும் கசப்பு. ஹிட்லர் ஆட்சியின் இசைக் கழகத்துக்கு 1933 முதல் 1935 வரை தலைவராக இருந்தவர். 1945இல், ஜெர்மனியின் நாடக அரங்குகளும் நகரங்களும் இடிந்து கிடந்தபோது 23 தந்தி வாத்தியங்களுக்கு 'மெட்டமார்ஃபோசன்' எழுதினார். அது முடிகிற இடத்தில் எரோயிக்காவின் ஊர்வல மெட்டு அடித்தந்திகளில் எழும். அந்த இடத்தில் 'நினைவாக' என்று எழுதி வைத்தார். யார் நினைவாக என்று எழுதவில்லை. அதிகாரத்தோடு கைகோத்த ஒருவர் எழுதியது என்பதால் அந்தத் துக்கத்தைப் பொய் என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை. மன்னிக்கவும் மனம் வரவில்லை. கேட்கிறேன், அவ்வளவுதான்.

நம் பக்கம் ஒன்றுமில்லை என்று நினைத்துவிடாதீர்கள் அம்மா. பேத்தோவனுக்குச் சமகாலத்தவர் முத்துசுவாமி தீட்சிதர். கும்பினியார், அதாவது கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள், வாசித்த பாண்டு மெட்டுகளுக்கு அவர் எழுதியவைதான் நோட்டுஸ்வர சாகித்யங்கள். அதில் 'சந்ததம் பாஹிமாம்' எந்த மெட்டு? இங்கிலாந்து ராஜாவைக் கடவுள் காப்பாற்றட்டும் என்கிற அவர்கள் கீதம். ராஜா உட்கார்ந்திருந்த இடத்தில் சங்கீத சியாமளை என்கிற அம்பாளை உட்கார வைத்துவிட்டார்! பேத்தோவனும் அதே மெட்டை எடுத்து 1803இல் பியானோவுக்கு ஏழு மாறுபாடுகள் எழுதியிருக்கிறார். ஒரே மெட்டு, இரண்டு ஊர், இரண்டு வேலை.

என் யோசனை இதுதான். மேடையில் இருக்கும் படத்தைப் பார்த்து வாசிக்காதீர்கள். கஞ்சித்தொட்டி வரிசையில் நின்றவர்கள் கூட்டத்தில் உட்கார்ந்திருப்பார்கள், அவர்களைப் பார்த்து வாசியுங்கள். கீரவாணி எடுங்கள். சாகித்யமே வேண்டாம்.

தறியும் சிறையும்

கணக்கர் ஐயா எழுதியது எல்லாம் படித்தேன். அழகாக இருக்கிறது. எனக்கு உடன்பாடில்லை.

நான் அந்தச் சங்கத்தில் இருந்தவன். உடைந்தபோது இந்தப் பக்கம் நின்றவன். அந்த ஒப்பந்தத்துக்குப் பிறகு தறியை விற்றுவிட்டுத் திருப்பூருக்குப் போன குடும்பங்களை எனக்குத் தெரியும். அவர்களில் எவரும் ஞாயிற்றுக்கிழமை அந்த மண்டபத்துக்கு வரமாட்டார்கள். நெப்போலியனைப் பற்றி வியன்னாவில் உட்கார்ந்து வருத்தப்படுவது வேறு. கூலியில் கை வைத்தவனுக்கு, அந்தக் கூலிக்காரன் மகள் வாசிப்பது வேறு.

முதலில் பாட்டு விஷயம். 'குறை ஒன்றும் இல்லை' மட்டும் வேண்டாம் பாப்பா. 1953இல் ராஜாஜி ஆட்சியில் வந்த பள்ளித் திட்டத்தை நாங்கள் குலக்கல்வி என்றுதான் சொல்வோம். பாதி நேரம் பள்ளி, மீதி நேரம் அப்பன் தொழில். அதை எதிர்த்து ஊர் ஊராகப் போராட்டம் நடந்து, 1954இல் அவர் பதவி விலகினார். தறிக்காரன் மகன் தறியிலேயே கிடக்கட்டும் என்பதை எதிர்த்த இயக்கத்தில் வளர்ந்தவர் நம் தலைவர். அவர் படத்துக்கு முன்னால் அந்தப் பாட்டா? அதுவும் குறையே இல்லையென்று?

இரண்டாவது, நம் ஊரில் விழுந்தவர்கள் வேறு ஆட்கள். 1950 பிப்ரவரி 11. சேலம் மத்திய சிறையில் கம்யூனிஸ்டுக் கைதிகள் மேல் துப்பாக்கிச் சூடு, 22 பேர் செத்தார்கள். சுதந்திரம் வந்து மூன்று வருஷம்கூட ஆகவில்லை. ஒவ்வொரு பிப்ரவரியிலும் அவர்களை நினைக்கிறோம். பறை அடிக்கிறார்கள், தோழர்கள் பாடுகிறார்கள். எந்த சபாவில் அவர்களுக்காக ஒரு ராகம் ஆலாபனை செய்யப்பட்டது? 1805இல் தீரன் சின்னமலையைத் தூக்கில் போட்டது இங்கே பக்கத்தில் சங்ககிரியில். அவரைப் பாடியவர்கள் கிராமத்துக்காரர்கள். கட்டபொம்மனைக் கும்மியிலும் கதைப்பாட்டிலும் தூக்கிச் சுமந்ததும் அவர்கள்தான். அவனுக்கு எதிராகக் கும்பினியோடு நின்ற எட்டயபுரம் ஜமீனில்தான் உங்கள் தீட்சிதர் பரம்பரைக்கு இடம் கிடைத்தது. 1904இல் சுப்பராம தீட்சிதர் அச்சிட்ட 'சங்கீத சம்பிரதாய பிரதர்சினி' என்ற பெரிய புத்தகமும் எட்டயபுரம் ஜமீன் தயவில் வந்ததுதான். இசையின் மேல் எனக்குப் பகை இல்லை. அது யார் திண்ணையில் உட்கார்ந்து வளர்ந்தது என்பதை மறக்காமல் பேசுவோம் என்கிறேன்.

வாசிக்காதே என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை. உனக்கு வயலின் வாங்கித் தந்தவர். ஆனால் அவரைத் தியாகியாக்கிவிடாதே.

குகை வயலின்

கணக்கர் ஐயா, தோழர் ஐயா, இரண்டு பேருக்கும் நன்றி. தோழர் சொன்னதைப் படித்துவிட்டு இரவு தூக்கம் வரவில்லை. அவர் எழுதியதில் நான் மறுக்கக்கூடியது எதுவும் இல்லை. எங்கள் சித்தப்பா திருப்பூருக்குப் போனதும் அந்த ஒப்பந்தத்துக்குப் பிறகுதான்.

'குறை ஒன்றும் இல்லை' வாசிக்க மாட்டேன். அஸ்தம்பட்டி அண்ணன் தவறாக நினைக்க வேண்டாம். பாட்டின் மேல் குறையில்லை, அந்த மண்டபத்துக்கு அது ஆகாது.

ஆனால் தோழர் ஐயா, ஒரு விஷயம் கேட்கிறேன். எட்டயபுரத்தில் ஜமீன் இருந்தது, தீட்சிதர் இருந்தார், சரி. அதே எட்டயபுரத்தில்தான் 1882இல் பாரதியும் பிறந்தார். நந்தனார் சரித்திரக் கீர்த்தனை மெட்டுகளை எடுத்து அரசியல் பாட்டு எழுதினார். பண்ணையாரும் நந்தனும் பேசிக்கொண்ட மெட்டில் கலெக்டர் வின்ச் துரையும் வ.உ. சிதம்பரம் பிள்ளையும் பேசிக்கொண்டார்கள். ஜமீன் திண்ணையில் வளர்ந்த இசை என்பதற்காக அதை அவர்களிடமே விட்டுவிட முடியுமா? தலைவர் என் கையில் வயலினைக் கொடுத்தபோது செய்ததும் அதுதானே. அதை மட்டும் அவரிடமிருந்து யாராலும் பிடுங்க முடியாது. பின்னால் அவர் செய்ததாலும் முடியாது.

ஐயா சொன்ன ஊர்வல நடையைக் கைபேசியில் ஹெட்போன் போட்டுக் கேட்டேன். முதல் முறை கடைசிப் பகுதி வரும்போது பதிவில்தான் ஏதோ கோளாறு என்று நினைத்துவிட்டேன். அவ்வளவு இடைவெளி. மறுபடி கேட்டபோதுதான் புரிந்தது. நம் கை அங்கே சும்மா இருக்காது. ஒரு சுரத்திலிருந்து அடுத்ததற்கு ஜாரு, அதாவது விரலை வழுக்கி, இழுத்து இணைத்துவிடும், வில்லைத் தூக்க மனசு வராது. அவர் வில்லைத் தூக்க வைத்திருக்கிறார். வீட்டில் கீரவாணியில் அதே மாதிரி நிறுத்தி நிறுத்தி வாசித்துப் பார்த்தேன். ஷட்ஜத்துக்கு வராமல் நிஷாதத்தில் வில்லை எடுத்தால் நெஞ்சை என்னவோ செய்கிறது.

ஆனால் பத்து நிமிஷமும் கீரவாணி ஆலாபனை என்றால் அந்தக் கூட்டம் தாங்குமா? தறிக்காரர்கள், அவர்கள் பிள்ளைகள், கட்சிக்காரர்கள். கச்சேரி கேட்டுப் பழகியவர்கள் குறைவு. முகாரி ராகம் எடுக்கலாமா என்றும் ஒரு யோசனை. மேடை அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

தாரமங்கலம் நாயனம்

வணக்கம்க்கா. நாங்க நாயனக்காரக் குடும்பம்ங்க. கோயில், கல்யாணம், கட்சி மாநாடு, மந்திரி வரவேற்பு எல்லாத்துக்கும் போய் வாசிச்சிருக்கேன். கூட்டத்தைப் பத்திக் கேட்டீங்களே, அது தெரியும்ங்க.

முதல்ல தோழர் ஐயாவுக்கு ஒண்ணு சொல்லிக்கிறேன். எங்க தாத்தா காலத்துல பெரிய மனுஷங்க முன்னாடி துண்டை இடுப்புல கட்டிக்கிட்டு நின்னுக்கிட்டேதான் வாசிக்கணும். சபா மேடையில மத்தவங்களுக்குச் சமமா உக்காந்து வாசிக்கற மரியாதையைக் கேட்டு வாங்கினவர் திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளைன்னு எங்க வீட்டுல இன்னைக்கும் சொல்லுவாங்க. ஜமீன் திண்ணையில நின்னவங்களுக்கும் முதுகுவலி இருந்துச்சுங்க. அதையும் கணக்குல சேத்துக்கங்க.

அப்புறம், பக்கம் மாறினவங்களைப் பாடறது. நீங்க கதைப்பாட்டுன்னு சொன்னீங்க. கான்சாகிபு சண்டைன்னு ஒண்ணு இருக்கில்லீங்க? யூசுப் கான் யாரு? கும்பினிக்காகப் பாளையக்காரங்களை அடிச்சு நொறுக்கின ஆளு. பின்னாடி அதே கும்பினியை எதிர்த்து நின்னாரு. 1764இல மதுரையில தூக்குல போட்டாங்க. அவர் கையால அடிபட்ட பாளையத்துச் சனங்கதான் அவரைப் பாட்டுல வச்சு அழுதாங்க. செஞ்ச தப்பை விட்டுட்டுப் பாடல, சேத்துத்தான் பாடினாங்க. நம்ம சனத்துக்கு அது தெரியும்ங்க. அதனால அக்கா வாசிச்சா தியாகியாக்கிருவாங்கன்னு பயப்பட வேண்டாம்.

இப்ப விஷயத்துக்கு வரேன். முகாரின்னா அழுகைன்னு எல்லாரும் சொல்றாங்க. ஆனா தியாகராஜர் சபரியோட பாக்கியத்தை எப்படிச் சொல்லுவேன்னு பூரிச்சுப் பாடினதும் முகாரியிலதான். அதை வெறும் ஒப்பாரியா வாசிச்சா ராகத்துக்கும் நல்லதில்ல, கூட்டத்துக்கும் நல்லதில்ல. ஆஹிரி ராகம் பத்தி யாராவது சொன்னாலும் கேக்காதீங்க. காலையில ஆஹிரி எடுத்தா அன்னைக்குச் சோறு கிடைக்காதுன்னு எங்கப்பா கையில எடுக்கவே விடமாட்டாரு. கஞ்சித்தொட்டி ஊத்தினவர் படத்துக்கு முன்னாடி அது வேண்டாம்.

கீரவாணி சரிதான்ங்க. ஆனா பத்து நிமிஷமும் வேண்டாம். மூணு நிமிஷம். மந்தர ஸ்தாயியிலயே ஆரம்பிங்க. மேல் ஷட்ஜத்துக்கு ஒரே ஒரு தடவை போங்க, அதுக்கு மேல போகாதீங்க. வேகமா உருட்டற பிருகா வேண்டாம். நீங்க சொன்ன மாதிரி நிஷாதத்துல வில்லை எடுத்துட்டு நிறுத்துங்க. கை தட்டணுமா வேண்டாமான்னு கூட்டம் தெரியாம முழிக்கும். முழிக்கட்டும், விடுங்க.

அதுக்கப்புறம் தேஷ் ராகம் எடுங்க. பாரதிதாசனோட 'துன்பம் நேர்கையில்', தண்டபாணி தேசிகர் மெட்டு. சாமி இல்லாத பாட்டு. சுயமரியாதைக்காரர் வீட்டுல அது தெரியாதவங்க இருக்க மாட்டாங்க. துன்பம் வரும்போது யாழெடுத்து வாசிக்க மாட்டியான்னு கேக்கற பாட்டை, அவர் வாங்கித் தந்த வயலின்லயே வாசிக்கறீங்க. வேற விளக்கமே வேண்டாம்ங்க. அங்க மிருதங்கம் சேந்துக்கட்டும். மொதல் பகுதியில மிருதங்கம் வாயே திறக்கக் கூடாது.

முக்கியமான விஷயம் நேரம். படம் திறந்த பிறகு வாசிக்க ஒத்துக்காதீங்க. திரையை இழுத்த உடனே "வாழ்க வாழ்க"ன்னு கோஷம் கிளம்பிரும். அதுக்கப்புறம் மாலை, அப்புறம் யார் முதல்ல பேசறதுன்னு தள்ளுமுள்ளு. அதுல உங்க கீரவாணி யாருக்கும் கேக்காது. திரை மூடியிருக்கும்போதே வாசிச்சு முடிச்சிருங்க. கணக்கர் ஐயா படத்தைப் பாக்காதீங்கன்னு சொன்னாரில்ல, அதுக்கும் சரியாப் போயிரும்.

கச்சேரி முடிக்கற மங்களப் பாட்டு வேண்டாம்ங்க. பழக்கத்துல கை தானா மங்களத்தோட சௌராஷ்டிர ராகத்துக்குப் போகும். தேஷ் முடிஞ்சதும் வில்லை இறக்கி வச்சிட்டு எந்திரிச்சிருங்க. மிருதங்கக்காரர்கிட்டயும் முன்கூட்டியே சொல்லிருங்க, இல்லன்னா அவர் மங்களத்துக்குக் காத்துக்கிட்டு உக்காந்திருப்பாரு.

மண்டபத்து மைக் எப்படின்னு சனிக்கிழமையே போய்ப் பாத்திருங்க. அம்மாப்பேட்டைப் பக்கம் நிறைய மண்டபத்துல எக்கோவைக் கூட்டி வச்சிருப்பாங்க. அதைச் சுத்தமாக் குறைக்கச் சொல்லுங்க. இல்லன்னா நீங்க விடற இடைவெளியை எல்லாம் அது நிரப்பிரும்.